பிரதிவாதிக்கு மஞ்சள் காமாலை

ஜூன் 3

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

நலம். தாங்களும் நலமாக இருப்பதாகத்தான் நேற்றுவரை நினைத்துக்கொண்டிருந்தேன். இன்று காலை என் வக்கீல் ஒரு மனுவின் நகலைக் கொடுத்தார். நான் தொடுத்த வழக்கில் முப்பது நாளுக்குள் தாங்கள் தாக்கல் செய்திருக்க வேண்டிய எதிருரையை இன்னும் தாக்கல் செய்யவில்லை. அந்தத் தாமதத்தை நீதிமன்றம் மன்னிக்க வேண்டும் என்று கேட்கிற மனு. அதன் மூன்றாவது பத்தியில், சம்மன் கிடைத்த நாள் முதல் கடுமையான மஞ்சள் காமாலையால் பீடிக்கப்பட்டு, படுத்த படுக்கையாக, எழுந்து நடமாட இயலாத நிலையில் இருந்ததாகச் சத்தியம் செய்து கையெழுத்திட்டிருக்கிறீர்கள்.

தாங்கள் அந்த நாட்களில் எங்கே நடமாடினீர்கள் என்பது வேறு யாருக்குத் தெரியாவிட்டாலும் எனக்குத் தெரியும். ஆஸ்பத்திரியின் இரண்டாவது மாடியில், ஆண்கள் வார்டில், என் கட்டிலுக்கும் கழிவறைக்கும் நடுவே நடமாடினீர்கள். போகும்போதும் வரும்போதும் தங்கள் தோளில் என் கை இருந்தது.

என் மகளைத் தங்கள் மகனுக்குக் கொடுத்த காலத்தில், பக்கத்து வீடு என்பது ஒரு வசதியாகத் தெரிந்தது. அவர்கள் இருவரும் வேலை கிடைத்துத் தொலைதூரம் போய்விட்டார்கள். மிச்சம் இருப்பது தாங்களும் சம்பந்தியம்மாவும் நானும், நடுவே ஒரு பொதுச் சுவரும். அந்தச் சுவருக்கு அந்தப் பக்கம், தங்கள் சலவைக்கூடத்தில் விடிவதற்கு முன்பே ஓடத் தொடங்கும் புதிய சலவை இயந்திரம். அதன் சத்தத்தால் எனக்குத் தூக்கமே இல்லை என்பதுதான் என் வழக்கு. பேத்தியின் பிறந்தநாளில் இதை எடுத்துச் சொன்னபோது, "காதுல பஞ்சு வச்சுக்கோங்க சம்பந்தி" என்று வந்திருந்தவர்கள் அத்தனை பேர் முன்னாலும் சொன்னீர்கள். எல்லோரும் சிரித்தார்கள். அதை வழக்குரையில் நான் சேர்க்கவில்லை. சட்டப்படி பொருத்தமில்லை என்றார் வக்கீல்.

நான் பணிக்காலம் முழுவதும் தேர்வுக்கூடங்களைக் கண்காணித்தவன். மணி அடித்ததும் கதவைச் சாத்துவது என் வேலை. பஸ் கவிழ்ந்தது, அம்மை போட்டது, அப்பா செத்துப்போனார் என்று வெளியே நின்று அழுதவர்கள் எத்தனையோ பேர். நான் திறந்ததில்லை. மறுநாள் அந்த அப்பாவே மனு எடுத்துக்கொண்டு வந்த சம்பவமும் உண்டு. ஆகவே தங்கள் மனுவை ஆட்சேபிக்கப் போகிறேன். முன்கூட்டியே தெரிவிப்பது மரியாதை.

ஆஸ்பத்திரி விஷயம் நமக்குள் இருக்கட்டும் என்று தாங்கள் கொடுத்த வாக்கை நினைவூட்டுகிறேன். மகளுக்கே அது தெரியாது. "கொஞ்ச நாள் வீட்டில் இருக்க மாட்டேன்" என்று மட்டும் அவளிடம் சொன்னேன். அது உண்மைதான்.

இப்படிக்கு,
வாதி

பி.கு. துணி மூட்டையை வழக்கம்போல அனுப்பியிருக்கிறேன். கடிதம் வெள்ளைச் சட்டையின் பையில் இருக்கிறது; துவைக்கும் முன் எடுத்துவிடவும். தங்களிடமே துவைக்கப் போடுவதில் முரண்பாடு ஏதும் இல்லை. வழக்கு இயந்திரத்தின் சத்தத்தைப் பற்றியது. சலவையின் தரத்தைப் பற்றியது அல்ல.


ஜூன் 6

சம்பந்தி,

உங்கள் கடிதத்தைத் துவைத்த பிறகுதான் எடுத்தேன். அதனால் பாதிதான் படிக்க முடிந்தது. மீதி உங்கள் குணம் தெரிந்ததால் புரிந்தது.

மஞ்சள் காமாலை என் யோசனை இல்லை. வக்கீலிடம் போய் உட்கார்ந்தேன். "தாமதத்துக்கு என்ன காரணம் எழுதலாம்?" என்றார்.

"உண்மைய எழுதுங்க சார்."

"சொல்லுங்க பாப்போம்."

என்ன நோய் என்று மட்டும் சொல்லாமல் மற்றதைச் சொன்னேன். பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"இருங்க, நான் சரியாப் புரிஞ்சுக்கிறேன். ஒங்க மேல கேஸ் போட்ட ஆளு ஆஸ்பத்திரில படுத்துட்டாரு. அவருக்கு நீங்க கட்டு மாத்திக்கிட்டு இருந்தீங்க. அதனால அவருக்கு பதில் சொல்ல ஒங்களுக்கு நேரமில்ல."

"ஆமா சார்."

"இத நான் கோர்ட்டுல வாசிச்சா ஜட்ஜ் என்னைத்தான் ஆஸ்பத்திரிக்கு அனுப்புவாரு. மஞ்சக்காமாலைன்னு போட்டுருவோம். எல்லாரும் அதத்தான் போடுறாங்க."

"எனக்கு வரலையே சார்."

"யாருக்குத்தாங்க வந்துச்சு?"

அவர் ஆபீசில் அந்த மனு முன்பே அடித்துத் தயாராக இருக்கிறது. பெயரை மட்டும் மாற்றுகிறார்கள். எனக்கு முந்தியது ஒரு அம்மா போலிருக்கிறது. "பேறுகாலத்துக்குத் தாய்வீடு சென்றிருந்த நிலையில்" என்று ஒரு வரி இருந்தது. டைப்பிஸ்ட் அதை நீக்கிவிட்டு, "நல்லவேளை பாத்தேன்" என்றார். நானும் நல்லவேளை என்றேன்.

நீங்கள் கதவு சாத்துகிற கதையை எத்தனை முறை கேட்டிருக்கிறேன். இந்தத் தடவை வெளியே நிற்பது நான். மனு தள்ளுபடியானால் என் பக்கத்தைக் கேட்காமலே தீர்ப்பு சொல்லிவிடுவார்கள். இயந்திரத்தை நிறுத்தச் சொல்லி உத்தரவு வரும். ஆஸ்பத்திரிப் போர்வைகள் காலை ஏழு மணிக்குள் போய்ச் சேர வேண்டும் என்பது ஒப்பந்தம். விடிவதற்கு முன் ஓட்டாவிட்டால் அது நடக்காது. நீங்கள் படுத்திருந்த அந்த வார்டுப் போர்வையும் இங்கே துவைத்ததுதான். கஞ்சி மொடமொடப்பாக இருக்கிறது என்று நீங்களே பாராட்டினீர்கள். அந்த ஒப்பந்தம் போனால் மடிக்கிற பெண்களை அனுப்பிவிட்டு நானும் ஷட்டரை இறக்க வேண்டியதுதான். இந்த வயதில் வேறு என்ன தொழில் பழகுவேன்?

சம்மன் வந்த நாள் நினைவிருக்கிறதா? கோர்ட்டு ஆள் சலவைக்கூடத்துக்குப் போய், பெண்கள் சொன்ன வழியைக் கேட்டு வார்டுக்கே வந்துவிட்டார். என் ஒரு கையில் உங்கள் சிறுநீர்ப் பாத்திரம். "கையெழுத்துப் போடுங்க" என்றார். பேனா இல்லை. தலையணைக்கு அடியிலிருந்து உங்கள் பேனாவை எடுத்துக் கொடுத்தீர்கள். "மூடிய மறந்துறாதீங்க" என்றும் சொன்னீர்கள்.

உதவி ஒன்றும் கேட்கவில்லை. நடந்ததைச் சொன்னேன், அவ்வளவுதான். அலுப்பாக இருக்கிறது.

உங்கள்
சம்பந்தி

வெள்ளைச் சட்டைக் காலரில் மை ஏறிவிட்டது. அது உங்கள் கடிதத்தின் மைதான்.


ஜூன் 11

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

இதைத் தபாலில் அனுப்புகிறேன். ஊரைச் சுற்றி வந்தாலும் ஈரமாகாமல் வரும்.

ஆட்சேபணை மனு எழுத என் வக்கீலிடம் போயிருந்தேன். அங்கே நடந்ததை அப்படியே எழுதுகிறேன். இதற்கு முன் யாருக்காவது இப்படி நேர்ந்திருக்கிறதா என்று அவருக்கும் தெரியவில்லை.

"பிரதிவாதி அந்தக் காலத்துல நல்ல ஆரோக்கியமா நடமாடிக்கிட்டு இருந்தாருன்னு போட்ருவோம்" என்றார். "ஒங்களுக்கு எப்படித் தெரியும்னு கேப்பாங்க. என்ன சொல்ல?"

"நேரில் பார்த்தேன்."

"எங்க பாத்தீங்க? கடையிலயா, தெருவுலயா?"

நான் நாற்காலியில் மறுபக்கம் சாய்ந்து உட்கார்ந்தேன்.

"சார், எங்கன்னு சொன்னாத்தானே எழுத முடியும்."

"பார்த்தேன் என்பதோடு நிறுத்திக்கொள்ளக் கூடாதா?"

"அப்படின்னா ஒண்ணு பண்ணலாம். 'நம்பத்தகுந்த வட்டாரங்கள் மூலம் தெரியவருகிறது'ன்னு போட்ருவோம்."

அந்த வட்டாரம் நான்தான் என்று அவரிடம் சொல்ல முடியவில்லை.

தங்கள் பொய்யைப் பொய் என்று நான் நிரூபிக்க வேண்டுமானால், தாங்கள் எங்கே இருந்தீர்கள் என்று சொல்ல வேண்டும். சொன்னால், தாமதத்துக்குத் தங்களிடம் இல்லாத நல்ல காரணத்தை நானே கையில் கொடுத்ததாகிவிடும். அதோடு, மூலத்துக்கு அறுவை செய்துகொண்டேன் என்பது நீதிமன்றப் பதிவேட்டில் ஏறி, காகிதம் மக்கிப்போகும்வரை அங்கேயே இருக்கும். சொல்லாவிட்டால் மஞ்சள் காமாலை ஜெயித்துவிடும். யோசித்துச் சொல்கிறேன் என்று எழுந்து வந்துவிட்டேன். எழுந்திருப்பது இப்போதும் சிரமமாகத்தான் இருக்கிறது.

ஒரு கேள்வி. சர்க்கரையால் புண் ஆற நாளாயிற்று என்றாலும், முப்பது நாளும் நான் ஆஸ்பத்திரியில் இல்லை. வீட்டுக்கு வந்த பிறகு தாங்கள் காலையில் ஒரு முறை வந்து கட்டு மாற்றிவிட்டுப் போவீர்கள். பகல் முழுவதும் தங்கள் கையில்தான் இருந்தது. வக்கீல் ஆபீஸ் இரண்டு தெரு தள்ளி. ஒரு எதிருரையில் கையெழுத்துப் போட என்ன தடை? ஆஸ்பத்திரியைக் காட்டி மீதி நாட்களையும் கழித்துவிடலாம் என்று எண்ணினீர்களா? தேர்வுக்கூடத்தில் இதை நிறையப் பார்த்திருக்கிறேன். நிஜமான காய்ச்சலோடு வந்து, தெரியாத கேள்விக்கும் அந்தக் காய்ச்சலையே பதிலாக எழுதுகிறவர்கள்.

மகள் நேற்று போனில், "மாமாகூட பேசுறீங்களாப்பா?" என்று கேட்டாள். எழுதுகிறேன் என்றேன்.

இப்படிக்கு,
வாதி


ஜூன் 15

சம்பந்தி,

கேட்டுவிட்டீர்கள். கேட்காமல் இருந்திருக்கலாம்.

நீங்கள் வீட்டுக்கு வந்த பிறகு வக்கீல் ஆபீசுக்கு நான் போகாமல் இல்லை. பலமுறை போனேன். அவர் உங்கள் வழக்குரையைப் பத்தி பத்தியாக வாசிப்பார். நான் ஆமாம் இல்லை சொல்ல வேண்டும். சுவர் பொதுச் சுவரா? ஆமாம். இயந்திரம் விடிவதற்கு முன் ஓடுகிறதா? ஆமாம். சத்தம் வருகிறதா? வருகிறது சார், பொய் சொல்ல முடியாது, மேஜையில் வைத்த டம்ளரே நகரும்.

"என்னங்க எல்லாத்துக்கும் ஆமான்னு சொல்றீங்க? நான் எத வச்சு வாதாட?" என்றார்.

பிறகு ஏழாவது பத்தி. "மேற்படி சத்தத்தால் வாதி நாள்தோறும் உறக்கம் இழந்து, மன உளைச்சலுக்கு ஆளாகி" என்று போகும். "இது ஒண்ணுதான் மிச்சம். அவரு தூங்குறாரா இல்லையான்னு ஒங்களுக்கு ஏதாச்சும் தெரியுமா?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியும், சம்பந்தி.

ஆப்பரேஷன் முடிந்து இரண்டு மூன்று நாள் ஆகியிருக்கும். விடிகிற நேரம். நான் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். நீங்கள் கண்ணைத் திறந்து, "மெஷின் ஓடலையா?" என்றீர்கள்.

"இது ஆஸ்பத்திரிங்க. இங்க எப்படி ஓடும்?"

"அதான் தூக்கமே வரல" என்றீர்கள். "ராத்திரி பூரா முழிச்சுக் கெடப்பேன். காலைல அது ஓட ஆரம்பிச்சாத்தான் கண்ணு சொக்கும். பக்கத்துல யாரோ இருக்காங்கன்னு தோணும். அவ போனதுலேர்ந்து அப்படித்தான்."

சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டீர்கள்.

இதை வக்கீலிடம் சொன்னால் வழக்கு அன்றைக்கே முடிந்தது. அது எனக்கே தெரியும், சட்டம் படிக்க வேண்டாம். ஆனால் அது ஆஸ்பத்திரிப் பேச்சு. பாத்திரம் பிடித்த கையால் அதைப் பிடித்துக்கொண்டு கோர்ட்டுக்குப் போவதா? "யோசிச்சுட்டு நாளைக்கு வரேன் சார்" என்று எழுந்து வருவேன். மறுநாளும் அதே. அதைச் சொல்லாவிட்டால் எழுதுவதற்கு எனக்கு வேறு ஒன்றும் இல்லை. அப்படியே கெடு தாண்டிப் போயிற்று. இதுதான் காரணம். இதற்கு மஞ்சள் காமாலை என்று பெயர் வைத்ததில் எனக்கு வருத்தமில்லை. நிஜக் காரணத்தைவிட அது வாயில் நுழைகிறது.

என் வீட்டுக்காரி இதையெல்லாம் கேட்டுவிட்டு, "ரெண்டு பேரும் கேஸ் நடத்துறீங்களா, இல்ல குடித்தனம் நடத்துறீங்களா?" என்கிறாள்.

நாளை முதல் விடிந்த பிறகுதான் இயந்திரத்தை ஓட்டுவேன். மனு விசாரணை முடிகிறவரை நல்லபடியாக நடந்துகொள்ளச் சொல்கிறார் வக்கீல். விடியற்காலைப் போர்வைகளை வேறொரு சலவைக்கூடத்துக்குக் கொடுத்து வாங்குகிறேன். எத்தனை நாள் தாங்கும் என்று தெரியவில்லை. நீங்கள் நிம்மதியாகத் தூங்கலாம்.

உங்கள்
சம்பந்தி


ஜூன் 19

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

தங்கள் 15ஆம் தேதிக் கடிதத்தில் கண்ட பேச்சை நான் பேசியதாக எனக்கு நினைவில்லை. மயக்க மருந்தின் வேகத்தில் மனிதர்கள் பலதையும் உளறுவார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். இறந்த என் மனைவியைப் பற்றிய பேச்சை இந்த விவகாரத்தில் சேர்க்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

ஆட்சேபணை மனுவை நானே எழுதி வக்கீலிடம் கொடுத்துவிட்டேன். இதைத் தாக்கல் செய்தால் தன் தொழில் என்ன ஆவது என்று கேட்டார். நான் ஆறுதல் சொன்னேன். விசாரணையன்று நான் வர இயலாது. நீதிமன்றத்து மர பெஞ்சுகளில் உட்காரும் நிலையில் நான் இல்லை.

இப்படிக்கு,
வாதி


ஜூன் 26

சம்பந்தி,

நேற்று கோர்ட்டில் நடந்ததை உங்கள் வக்கீல் சொல்லியிருப்பார். அவர் சொல்லாததை நான் எழுதுகிறேன். தலையை நிமிர்த்தாமலே நின்றார் மனுஷன்.

முதலில் என் மனுவை எடுத்தார்கள். ஜட்ஜ் ஒரு பக்கம் புரட்டினார். "மஞ்சள் காமாலை" என்று வாய்விட்டுப் படித்துவிட்டு என் வக்கீலைப் பார்த்தார். "வக்கீல் சார், இந்த வருஷம் ஒங்க ஆபீஸ்லேர்ந்து வந்த எல்லாருக்கும் இதே நோய். மொதல்ல அங்க குடிக்கிற தண்ணிய டெஸ்ட் பண்ணுங்க." எல்லோரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பிலேயே என் மனு போச்சு என்று நினைத்தேன்.

பிறகு உங்களுடையதை எடுத்தார். மனதுக்குள் படிக்க ஆரம்பித்தவர் பாதியில் நிறுத்தி, மறுபடி முதலிலிருந்து சத்தமாகப் படித்தார். "பிரதிவாதிக்கு மஞ்சள் காமாலை என்பது பொய். அந்தக் காலத்தில் அவர் பூரண ஆரோக்கியத்துடன் இருந்தார். மூலநோய் அறுவைக்குப் பின் நான் படுத்திருந்தபோது, நாள்தோறும் என்னைத் தூக்கி உட்காரவைக்கவும் என் புண்ணுக்குக் கட்டு மாற்றவும் அவருக்கு உடல்வலு இருந்தது என்பதை நேரில் அறிவேன். ஆகவே மனுவில் சொல்லப்பட்ட காரணத்தை வன்மையாக ஆட்சேபிக்கிறேன். தாமதத்தை ஆட்சேபிக்கவில்லை."

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. ஜட்ஜ் கண்ணாடியைக் கழற்றினார்.

"நீங்கதான் பிரதிவாதியா?"

"ஆமாங்கய்யா."

"இவரு ஒங்களுக்கு என்ன வேணும்?"

"சம்பந்திங்கய்யா."

"கேஸ் இன்னும் நடக்குதா?"

"நடக்குதுங்கய்யா."

"ஏன்?"

நான் வக்கீல்கள் பக்கம் திரும்பினேன். இரண்டு வக்கீல்களும் காகிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜட்ஜ் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தாமதம் மன்னிக்கப்பட்டது, அடுத்த மாதம் பத்தாம் தேதிக்குள் எதிருரை தாக்கல் செய்ய வேண்டும், இனி அவகாசம் கிடையாது என்று எழுதினார். அந்தக் கதவை நீங்கள் திறந்துவிடுவீர்கள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. அதுவும் இத்தனை பேர் முன்னால், இந்த விலை கொடுத்து.

உள்ளே வந்தாயிற்று. எழுதுவதற்குத்தான் ஒன்றுமில்லை. ஏழாவது பத்திக்கு "மறுக்கப்படுகிறது" என்று மட்டும் போடச் சொல்லியிருக்கிறேன். அது செல்லாது, ஆதாரம் வேண்டும், தோற்றுவிடுவீர்கள் என்கிறார் வக்கீல். தோற்கட்டும். நீங்கள் நினைவில்லை என்றால் எனக்கும் நினைவில்லை. மடிக்கிற பெண்களிடம் வேறு இடம் பார்த்துக்கொள்ளச் சொல்ல வேண்டும். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் நேற்றிலிருந்து மணிக்கொரு தரம் அவர்களுக்கு டீ வாங்கிக் கொடுத்துக்கொண்டிருக்கிறேன். டீ வந்தாலே இப்போது பயப்படுகிறார்கள்.

உங்கள்
சம்பந்தி


ஜூலை 8

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

தங்கள் இயந்திரம் விடியற்காலையில் ஓடாமல் மூன்று வாரத்துக்கு மேலாகிறது. முதல் இரண்டு நாள், புண் வலியால் தூக்கம் வரவில்லை என்று நினைத்தேன். பிறகு உத்தரத்துப் பல்லியைக் குறை சொன்னேன். தலையணையை மாற்றினேன், மாத்திரையை மாற்றினேன், படுக்கையை அடுத்த அறைக்கு மாற்றிப் பார்த்தேன். நேற்று விடியும் நேரம், சுவரில் காதை வைத்துக்கொண்டு நின்றிருப்பதை நானே கண்டுபிடித்தேன்.

வழக்கை வாபஸ் வாங்கலாமே என்று கேட்பீர்கள். முடியாது. வாபஸ் வாங்கினால், பிறந்தநாளன்று சிரித்தவர்கள் சிரித்தது சரி என்றாகிவிடும். முறைப்படி நடந்து, இரு தரப்பும் கேட்கப்பட்டு, ஆதாரத்தின் பேரில் தோற்பதில் எனக்கு அவமானம் இல்லை. அதற்கு எதிர்த்தரப்பில் ஒழுங்கான எதிருரை ஒன்று வேண்டும். "மறுக்கப்படுகிறது" என்று ஒற்றைச் சொல்லில் எழுதி என்னை ஜெயிக்க வைப்பது, விடைத்தாளை வெறுமையாகக் கொடுத்துவிட்டுப் போகிற மாணவன் செய்கிற காரியம். அதை நான் எந்தக் கூடத்திலும் அனுமதித்ததில்லை.

ஆகவே ஏழாவது பத்திக்குக் கீழ்க்கண்டதைச் சேர்த்துக்கொள்ளவும்:

மேற்படி இயந்திரத்தின் சத்தத்தால் வாதி உறக்கம் இழந்தார் என்பது சரியல்ல. அது ஓடத் தொடங்கிய பிறகுதான் அவர் உறங்குவது வழக்கம். ஆஸ்பத்திரியில் இருந்தபோது இதை அவரே தம் வாயால் சொன்னார். சொன்னபோது மயக்க மருந்து எதுவும் அவருக்குக் கொடுக்கப்பட்டிருக்கவில்லை. அவர் மனைவியைப் பற்றிச் சொன்னதும் சரியே.

இந்தக் கடிதத்தைத் தங்கள் வக்கீலிடம் காட்டலாம். கெடு நாளை மறுநாள். இம்முறையும் பிந்தினால் என்னால் ஒன்றும் செய்ய முடியாது. தபாலை நம்பாமல் சட்டைப் பையிலேயே வைத்திருக்கிறேன். தயவுசெய்து துவைக்கும் முன் எடுக்கவும். இயந்திரத்தை நாளையே வழக்கமான நேரத்துக்கு ஓட்டவும்.

தங்கள் கடிதத்துக்கு உடனே பதில் எழுதியிருக்க வேண்டும். இத்தனை நாள் தாமதித்ததற்கு மன்னிக்கவும். எனக்கு மஞ்சள் காமாலை.

இப்படிக்கு,
வாதி